கிரேக்க வீரர் கதைகளும் நம் சிறுவர்களும்

கதை கேளாமல் வளர்ந்த குழந்தை உலகில் எங்கும் இல்லை. நிலவைக் காட்டிச் சோறூட்டும் தாயின் இடுப்பிலேயே கதை தொடங்கிவிடுகின்றது. பேசத் தெரிந்த குழந்தை விரைவில் கற்றுக்கொள்ளும் வினாக்களுள் ஒன்று, "பிறகு என்ன ஆயிற்று?" என்பது. அந்தச் சிறு வினாவுக்கு நேர்மையாக விடை கூறும் கடமை பெற்றோர்க்கும் உண்டு, ஆசிரியர்க்கும் உண்டு, சிறுவர்க்கென நூல் எழுதும் எழுத்தாளர்க்கும் உண்டு.

நம் சிறுவர்கள் விரும்பிப் படிக்கும் கதைகளுள் கிரேக்க நாட்டு வீரர் கதைகளும் இடம்பெற்றுள்ளன. ஆங்கிலக் கதை நூல்கள், படக்கதைகள், திரைப்படங்கள் வாயிலாக ஹெர்க்குலிசும் தீசியசும் பெர்சியசும் நம் இல்லங்களுக்குள் வந்துவிட்டனர். வந்தவர்களை வரவேற்போம். ஆனால், அவர்கள் முழுமையாக வந்திருக்கின்றார்களா என்று பார்த்தல் வேண்டும். கொடிய விலங்கை வீரன் வென்றான், மக்கள் ஆரவாரம் செய்தனர் என்ற இடத்திலேயே பல நூல்கள் கதையை முடித்துவிடுகின்றன. வெற்றிக்கு முன்னும் பின்னும் நடந்தவை விடுபட்டுப் போகின்றன. வீரனுக்குத் துணை நின்றவர் யார்? வீரன் செய்த பிழை யாது? அப்பிழையால் துன்புற்றவர் யார்? இவற்றையும் சேர்த்தே சிறுவர்க்குக் கூறுதல் வேண்டும் என்பதே இக்கட்டுரையின் கருத்து.

"நம்மிடம் இல்லாத கதைகளா? பிறர் நாட்டுக் கதைகள் நமக்கு எதற்கு?" என்று வினவுவோர் உளர். நியாயமான வினாவே. நம் காப்பியங்களைப் பின்னுக்குத் தள்ளிவிட்டுப் பிறர் கதைகளைப் படிக்குமாறு எவரும் கூறவில்லை. கிரேக்கரையும் உரோமரையும் நம் முன்னோர் யவனர் என்று அழைத்தனர். யவனரின் மரக்கலங்கள் பொன்னைக் கொண்டுவந்து மிளகை ஏற்றிச் சென்ற செய்தியை அகநானூறு கூறுகின்றது. பண்டங்களை மாற்றிக்கொண்ட மக்கள் கதைகளையும் மாற்றிக்கொள்வதில் குறையொன்றும் இல்லை. ஆனால், மிளகு வாங்கினாலும் பொன் வாங்கினாலும் கலப்படம் இல்லாத சரக்கையே வாங்குவோம் அல்லவா? கதையையும் அவ்வாறே வாங்குதல் வேண்டும்.

பெரியோர்க்கு எழுந்த கதைகள்

கிரேக்க வீரர் கதைகள் தொடக்கத்தில் சிறுவர்க்கென்று எழுந்தவை அல்ல. ஏதென்ஸ் நகரத்து நாடக அரங்கில் பெரியோர் அமர்ந்து கண்ணீர் விட்ட கதைகள் அவை. யூரிப்பிடீஸ் என்னும் புலவர் வீரன் ஜேசனின் நன்றிகெட்ட செயலை வைத்து எழுதிய 'மெடியா' நாடகம் கி.மு. 431-இல் அரங்கேறியது. பின்னர் உரோமப் புலவர் ஓவிட் தம் காலத்தில் வழங்கிய பழங்கதைகளைத் தொகுத்துப் பெருங்காவியமாகப் பாடினார். புளூட்டார்க் என்னும் அறிஞர் தீசியசின் வரலாற்றை எழுதினார்.

இக்கதைகளைச் சிறுவர் நூல்களாக ஆக்கிப் புகழ்பெற்றவர்கள் பத்தொன்பதாம் நூற்றாண்டினர். அமெரிக்க எழுத்தாளர் நத்தேனியல் ஹாத்தோர்ன் 1851-ஆம் ஆண்டின் இறுதியில் ஒரு தொகுப்பையும், 1853-இல் மற்றொரு தொகுப்பையும் வெளியிட்டார். இங்கிலாந்தில் சார்லஸ் கிங்ஸ்லி என்னும் பாதிரியார் தம் பிள்ளைகளுக்காகவே பெர்சியஸ், ஜேசன், தீசியஸ் ஆகியோரின் கதைகளை எழுதினார். அந்நூல் 1856-ஆம் ஆண்டினது. பின்வந்தோர் பலர்க்கு இவ்விருவர் நூல்களே வழிகாட்டின.

பெரியோர் கதையைச் சிறுவர்க்குக் கூறும்போது மாற்றங்கள் செய்யத்தான் வேண்டும். பனங்கிழங்கை நார் உரித்துக் கொடுப்பதுபோல அது. எந்த மாற்றம் தக்கது, எந்த மாற்றம் தகாதது என்பதே கேள்வி. இதற்கு ஹாத்தோர்னின் நூல்களிலேயே இரண்டு சான்றுகள் உள்ளன.

ஒரு நல்ல மாற்றம்

தொட்டதெல்லாம் பொன்னாக வேண்டும் என்று வரம் பெற்ற மைடாஸ் மன்னனின் கதையை நம் மாணவர் பலரும் அறிவர். அன்பு மகளை அணைத்ததும் அவள் பொற்சிலை ஆகிவிடுகின்றாள். மன்னன் கதறுகின்றான். அந்த மகள் ஓவிட்டின் காவியத்தில் இல்லை! அங்கு மன்னன் கையில் எடுத்த உணவும் வாயில் ஊற்றிய மதுவுமே பொன்னாகின்றன. பசியாலும் தாகத்தாலும் வாடியே அவன் திருந்துகின்றான். மகளைக் கதைக்குள் கொண்டுவந்தவர் ஹாத்தோர்ன்.

இது பழங்கதையில் இல்லாத புதுச் சேர்க்கை. ஆயினும் நல்ல சேர்க்கை. பேராசையால் வரும் இழப்பைக் குழந்தையின் நெஞ்சில் படுமாறு அது காட்டுகின்றது. "பொன் பெரிதா, பெண் பெரிதா?" என்று ஏழு வயதுக் குழந்தையும் எண்ணிப் பார்க்கின்றது. கதையின் உண்மை இங்கே மறைக்கப்படவில்லை, தெளிவாக்கப்பட்டுள்ளது.

ஒரு தகாத மாற்றம்

இனி, தீசியசின் கதையைப் பார்ப்போம். கிரீட் தீவின் மன்னன் மினோஸ், ஏதென்ஸ் நகரத்தார்மீது கொடிய திறை ஒன்றை விதித்திருந்தான். 7 இளைஞரும் 7 கன்னியரும் குறித்த காலந்தோறும் அவன் தீவுக்கு அனுப்பப்படுதல் வேண்டும். புகுந்தவர் மீள முடியாதவாறு வழிகள் பின்னிக் கிடந்த மாளிகைக்குள் அவர்கள் விடப்படுவர். அங்கே எருதுத் தலையும் மனித உடலும் கொண்ட மினோட்டார் அவர்களுக்காகக் காத்திருக்கும்.

ஏதென்ஸ் இளவரசன் தீசியஸ் தானே முன்வந்து அவர்களுள் ஒருவனாகச் சென்றான். மினோசின் மகள் அரியாட்னே அவன்மீது அன்பு கொண்டு ஒரு நூற்கண்டைக் கொடுத்தாள். நூலின் முனையை வாயிலில் கட்டிவிட்டு உள்ளே சென்ற தீசியஸ், விலங்கைக் கொன்று, நூலைப் பற்றிக்கொண்டே வெளியே வந்தான். அந்த நூல் இல்லையேல் வாளும் இல்லை, வெற்றியும் இல்லை. அரியாட்னே தந்தையையும் தாய்நாட்டையும் துறந்து அவனுடன் கப்பல் ஏறினாள். வழியில் நாக்சோஸ் தீவில் அவள் உறங்கும்போது அவளைத் தனியே விட்டுவிட்டுத் தீசியஸ் கப்பலைச் செலுத்திக்கொண்டு போய்விட்டான்.

இந்த இடம் ஹாத்தோர்னுக்குப் பிடிக்கவில்லை. வீரன் நன்றி மறந்தான் என்று சிறுவர்க்குக் கூற அவர் மனம் ஒப்பவில்லை போலும். ஆகவே, அரியாட்னே முதிய தந்தையைப் பிரிய மனமின்றிக் கிரீட்டிலேயே தங்கிவிட்டாள் என்று எழுதினார். அதனோடும் நில்லாமல், அவள் கைவிடப்பட்டாள் என்று கூறுவோரைக் கடிந்தும் பேசினார். தீசியசின் பெயர் காப்பாற்றப்பட்டது. ஆனால், காட்டுத் தீவில் கண் விழித்துக் கடலை நோக்கி அழுத பெண்ணின் துயரம் கதையிலிருந்தே துடைக்கப்பட்டுவிட்டது.

கிங்ஸ்லி வேறு வழியில் சென்றார். அரியாட்னே ஏதென்ஸ் நகரத்தை அடையவே இல்லை என்று கூறிவிட்டு, தீசியஸ் அவளை உறக்கத்தில் விட்டுச் சென்றான் என்பர் சிலர், தெய்வம் ஒன்று அவளை அவனிடமிருந்து பறித்துக்கொண்டது என்பர் வேறு சிலர் என்று இரண்டையும் சிறுவர்முன் வைத்தார். இரண்டே வாக்கியங்களில் சொல்லும் செய்திதான். ஆயினும் நேர்மையான செய்தி. எது உண்மையாக இருக்கும் என்று சிந்திக்கும் உரிமையைப் பிள்ளைகளிடமே அவர் விட்டார்.

இவற்றிலிருந்து நாம் பெறும் நெறி ஒன்று உண்டு. சொல்லாது விடுதல் வேறு. மாற்றிச் சொல்லுதல் வேறு. வயதுக்கு ஒவ்வாததைச் சொல்லாது விடலாம். வளர்ந்தபின் பிள்ளை தானே அறிந்துகொள்ளும். ஆனால், பிழை செய்தவனைப் பிழையற்றவன் என்று மாற்றிச் சொல்லுதல் ஆகாது. உண்மை தெரிய வரும் நாளில் கதையின்மீது மட்டுமன்று, கதை சொன்ன நம்மீதும் பிள்ளை நம்பிக்கை இழந்துவிடும்.

கறுப்புப் பாய்

தீசியசின் கதை அங்கும் முடியவில்லை. உயிரோடு திரும்பினால் கப்பலில் வெள்ளைப் பாய் கட்டி வருவதாகத் தந்தை ஏஜியசிடம் அவன் கூறிச் சென்றிருந்தான். வெற்றிக் களிப்பிலோ வேறு கவலையிலோ அதை மறந்துவிட்டான். நாள்தோறும் கடலைப் பார்த்துக் காத்திருந்த கிழவன் கறுப்புப் பாயைக் கண்டான். மகன் இறந்தான் என்று எண்ணி உயரத்திலிருந்து வீழ்ந்து உயிர் நீத்தான். கிரேக்க நாட்டை ஒட்டிய கடல் ஏஜியன் கடல் என்று பெயர் பெற்றது அவனாலேயே என்று பழங்கதை கூறும்.

இதைச் சிறுவர்க்குக் கூறலாமா என்று தயங்குவோர் உண்டு. கூறலாம், கூறவும் வேண்டும். மரணத்தை நீட்டி வருணிக்க வேண்டா. "மன்னன் துயரம் தாளாது இறந்தான்" என்னும் ஒரு வரி போதும். எருதுத் தலை விலங்கை வெல்லும் வாய்ப்பு நம் பிள்ளைகளுள் எவர்க்கும் வரப்போவதில்லை. ஆனால், பெற்றோர்க்குக் கொடுத்த வாக்கை மறக்கும் வாய்ப்பு நாள்தோறும் வரும். வெளியூர் சென்ற மகன் சேதி அனுப்ப மறந்தால், வாசலைப் பார்த்துக்கொண்டே விழித்திருக்கும் தாய் தந்தையர் நம் தோட்டங்களிலும் உண்டு. நகரத்து அடுக்குமாடி வீடுகளிலும் உண்டு. மினோட்டாரைக் கொன்ற வாளைவிட மாற்ற மறந்த பாயே நம் பிள்ளைகளுக்கு வேண்டிய பாடம்.

பெர்சியசின் கதையையும் திருமணத்தோடு முடித்துவிடுவது பெருவழக்கு. மெடூசாவின் தலையைக் கொய்தவன், அண்ட்ரோமெடாவைக் கடல் விலங்கிடமிருந்து மீட்டவன் என்று புகழ்ந்துவிட்டு நூலை மூடிவிடுகின்றனர். பின்னொருநாள் விளையாட்டுப் போட்டியில் அவன் எறிந்த வட்டு, எதிர்பாராமல் அவன் பாட்டனார்மீது பட்டு அவர் உயிரைப் போக்கியது. தன் கையால் இறந்தவரின் அரசை ஏற்க நாணிய பெர்சியஸ், அந்நாட்டைக் கொடுத்து வேறொரு நாட்டை மாற்றிக்கொண்டான். அறியாது செய்த பிழைக்கும் நாணினான் அவன். மெடூசாவை வென்றது வீரம் என்றால், இதுவும் வீரமே அன்றோ?

ஹெர்க்குலிசின் கழுவாய்

வலிமைக்கு எடுத்துக்காட்டாக ஹெர்க்குலிசைக் கூறுவர். கிரேக்கர் அவனை ஹெராக்ளீஸ் என்பர். ஹெர்க்குலிஸ் என்பது உரோமர் வழங்கிய பெயர். அவன் செய்த 12 அரும்பணிகளைப் பிள்ளைகள் வரிசையாக ஒப்பிப்பர். ஏன் செய்தான் என்று கேட்டால் பலர்க்கு விடை தெரியாது. 1997-இல் வால்ட் டிஸ்னி நிறுவனத்தார் வெளியிட்ட கார்ட்டூன் படத்தைப் பார்த்த பிள்ளைகளுக்கும் தெரியாது. பழங்கதையில் ஹெர்க்குலிசுக்குப் பெரும் பகையாக விளங்கும் ஹீரா தேவி அந்தப் படத்தில் அவனுடைய அன்புத் தாயாகவே மாறிவிட்டாள்.

பழங்கதை கூறுவது இது: ஹீரா ஏவிய வெறியால் அறிவு மயங்கிய ஹெர்க்குலிஸ், தன் மக்களையே தன் கையால் கொன்றான். மயக்கம் தெளிந்தபின் செய்த கொடுமையை உணர்ந்து துடித்தான். டெல்பி நகரத்துக் கோயிலுக்குச் சென்று வழி கேட்டான். யூரிஸ்தியஸ் என்னும் மன்னனிடம் 12 ஆண்டுகள் ஏவல் செய்யுமாறு அவனுக்குக் கூறப்பட்டது. ஆகவே, அந்த அரும்பணிகள் வலிமையைக் காட்டச் செய்த விளையாட்டு அல்ல. செய்த குற்றத்துக்கு அவன் தேடிய கழுவாய். சிறு வகுப்புப் பிள்ளைகளுக்குக் கொலையைப் பற்றிக் கூற வேண்டா. "பெரும்பிழை ஒன்று செய்தான், அதற்குக் கழுவாயாகப் பணிந்து உழைத்தான்" என்றால் போதும். இது சொல்லாது விடுதல். மாற்றிச் சொல்லுதல் அன்று. உயர் வகுப்பு மாணவர்க்கு முழுவதையும் அளவோடு கூறலாம்.

பெற்றோர்களே! இதனை ஏன் இவ்வளவு வற்புறுத்த வேண்டும்? குடிமயக்கத்தில் நிகழும் கொடுமையைக் கண்ணால் கண்டு வளரும் பிள்ளைகள் நம்மிடையே இல்லை என்று எவரேனும் கூற இயலுமா? "போதையில் செய்தது, போனால் போகட்டும்" என்று மறுநாள் காலையில் கூறப்படுவதையும் அப்பிள்ளைகள் கேட்கின்றனர். அத்தகைய பிள்ளைக்கு, சிங்கத்தைக் கொன்றவன் என்று மட்டும் ஹெர்க்குலிசைக் காட்டினால், அடிக்க வல்லவனே வீரன் என்று அது கற்றுக்கொள்ளும். மயக்கத்தில் செய்தாலும் குற்றம் குற்றமே என்று ஒப்புக்கொண்டு, ஆண்டுக்கணக்கில் உழைத்துக் கழுவாய் தேடினான் என்று காட்டினால், வலிமை என்பது யாது என்று அது புரிந்துகொள்ளும்.

துணை நின்ற கைகள்

ஹெர்க்குலிசின் கதையில் விடுபடும் மற்றொன்றும் உண்டு. ஒன்பது தலை கொண்ட ஹைட்ரா என்னும் பாம்பை எதிர்த்து அவன் போரிட்டான். ஒரு தலையை நசுக்கினால் இரண்டு தலைகள் முளைத்தன. அப்போது அவன் உடன்பிறந்தானின் மகன் ஐயோலாஸ் கொள்ளிக்கட்டைகளைக் கொண்டுவந்து, தலை போன இடங்களைச் சுட்டுத் தீய்த்தான். அதன் பின்னரே தலைகள் முளைப்பது நின்றது. அந்தச் சிறுவனின் பெயரைப் பல கதை நூல்கள் அச்சிடுவதே இல்லை.

எலிஸ் நாட்டு மன்னனின் மாட்டுத் தொழுவத்தைத் தூய்மை செய்ததும் ஓர் அரும்பணி. மலைபோல் குவிந்த சாணத்தை ஒரே நாளில் நீக்குவதாகக் கூறி, கூலியாகக் கால்நடைகளுள் பத்தில் ஒரு பங்கை ஹெர்க்குலிஸ் பேசிக்கொண்டான். ஆல்பியஸ், பெனியஸ் என்னும் இரண்டு ஆறுகளைத் திருப்பிவிட்டுத் தொழுவத்தைக் கழுவினான். வேலை முடிந்தபின், இது யூரிஸ்தியஸ் ஏவிய வேலை என்று அறிந்த மன்னன் கூலி தர மறுத்தான்; கூலி பேசவே இல்லை என்றும் சாதித்தான். வழக்கு நடந்தது. அப்போது மன்னனின் சொந்த மகன் பைலியஸ் எழுந்து, கூலி பேசியது உண்மை என்று தந்தைக்கு எதிராகச் சான்று கூறினான். அதற்காக அவனும் நாட்டை விட்டுத் துரத்தப்பட்டான்.

யூரிஸ்தியசோ, பாம்பைக் கொல்லப் பிறர் உதவி பெற்றதால் அதுவும், கூலி பேசியதால் இதுவும் கணக்கில் சேரா என்று தள்ளினான். முதலில் பத்தாக இருந்த பணிகள் பன்னிரண்டு ஆனது இவ்வாறுதான் என்று பழைய கதைத் தொகுப்பு ஒன்று கூறுகின்றது. உழைத்து வாழும் நம் மக்களுக்கு இக்கதையின் பொருளை விளக்கிக் கூற வேண்டுமோ? பேசிய கூலிக்கு வழக்குப் பேசிய வீரனும், உண்மைக்காக வீட்டை இழந்த இளைஞனும் நம் பிள்ளைகளுக்கு அறிமுகமாக வேண்டியவர்கள். ஆனால், சிறுவர் பதிப்புகளில் ஆறு பாய்ந்தது, தொழுவம் கழுவப்பட்டது என்பதோடு கதை முடிந்துவிடுகின்றது.

பால்மரம் வெட்டுபவர் ஒருவர். பாலை நிறுத்து ஏற்றுபவர் வேறொருவர். ஆலையில் உறைய வைப்பவர் மற்றொருவர். அது டயராகவும் காலணியாகவும் உருப்பெற்று விலையாகும்போது இவர்களுள் எவர் பெயரும் அதன்மேல் இருப்பதில்லை. அரியாட்னேயின் நூலும் ஐயோலாசின் கொள்ளியும் அத்தகையன. பெயர் மறைந்த உழைப்பாளியின் பிள்ளைகள் நம் பிள்ளைகள். துணை நின்றவர் பெயரையும் சேர்த்துச் சொல்லும் பழக்கம் அவர்கள் கேட்கும் கதையிலிருந்தே தொடங்கட்டும்.

ஓர் ஐயம்

"வீரனின் குறைகளைக் கூறினால் பிள்ளைகளுக்கு வீரத்தின்மீது மதிப்புக் குறையாதா?" என்று கேட்கலாம். குறையாது. கோவலன் மனைவியைப் பிரிந்து சென்றதை இளங்கோவடிகள் மறைத்தாரா? ஆராயாது தீர்ப்பளித்த பாண்டியன், தன் பிழை தெரிந்ததும் அரியணையிலேயே உயிர் துறந்ததை மறைத்தாரா? மறைக்கவில்லை. அதனால் பாண்டியன்மீது நமக்குள்ள மதிப்புக் குறைந்ததா? கூடியதன்றோ! பிழையே செய்யாத வீரனைக் கண்டு பிள்ளை வியக்கும், அவ்வளவே. பிழை செய்து, வருந்தி, திருந்த முயலும் வீரனிடமிருந்துதான் அது கற்றுக்கொள்ளும். ஏனெனில், பிழை செய்யாத பிள்ளை எங்கும் இல்லை.

கதை கூறும் ஆசிரியர்க்கும் பெற்றோர்க்கும் சில சொற்கள்:

ஒன்று, ஒரு கதையில் நான்கைந்து பெயர்களுக்கு மேல் புகுத்தாதீர்கள். பெயர்களின் சுமையால் கதை அமிழ்ந்துவிடும். ஆனால், அந்த நான்கைந்துள் துணை நின்றவரின் பெயர் ஒன்று கட்டாயம் இருக்கட்டும்.

இரண்டு, ஏதென்சை மதுரையாகவும் தீசியசைத் தமிழ் இளவரசனாகவும் ஆக்காதீர்கள். பிறர் நாட்டுக் கதையைப் பிறர் நாட்டுக் கதையாகவே கேட்டு மகிழப் பிள்ளைகளுக்குத் தெரியும்.

மூன்று, கொடுமையான நிகழ்ச்சியை ஒரு வரியில் கூறுங்கள்; அதன் பின் வந்த வருத்தத்தை மூன்று வரிகளில் கூறுங்கள். பல படக்கதைகள் இதற்கு நேர்மாறாகச் செய்கின்றன.

நான்கு, "இதனால் அறியப்படும் நீதி" என்று உடனே தொடங்கிவிடாதீர்கள். அரியாட்னே கண் விழித்தபோது என்ன நினைத்திருப்பாள் என்று கேளுங்கள். நீதியைப் பிள்ளைகளே கூறுவார்கள்.

மாணவச் செல்வங்களே! எந்த நாட்டு வீரன் கதையைப் படித்தாலும் மூன்று கேள்விகளைக் கேளுங்கள். இவனுக்கு உதவியவர் யார்? இவனால் துன்புற்றவர் யார்? வெற்றிக்குப் பிறகு இவன் என்ன செய்தான்? உங்கள் கையில் உள்ள நூலில் விடை இல்லையெனில் நூலகத்தில் வேறொரு நூலைத் தேடுங்கள், ஆசிரியரைக் கேளுங்கள். அச்சிட்ட பக்கம் முடிந்துவிட்டதால் கதை முடிந்துவிட்டது என்று எண்ணிவிடாதீர்கள். பின்னர், அறிந்ததை உங்கள் சொந்தத் தமிழில் எழுதிப் பாருங்கள். அடுத்த ஆண்டு மலரில் தீசியசின் கதையை அரியாட்னேயே கூறுவதுபோல் நம் மாணவி ஒருத்தி எழுதினால், அது இப்பள்ளிக்கே பெருமையாகும்.

"பிறகு என்ன ஆயிற்று?" என்று பிள்ளை கேட்கும்போது நாம் விழுங்காமல் விடை கூறுவோம். உண்மையைக் கேட்டு வளரும் பிள்ளைகள் உண்மையைப் பேசி வாழ்வார்கள். வளர்க நம் சிறுவர்! வாழ்க தமிழ்!